துரை பங்களாவின் திரைச்சீலைகள்

மலாயாவுக்குள் ஜப்பான்காரன் வந்ததும் சுங்கை லாலாங் பக்கத்து ரப்பர்த் தோட்டமொன்றின் வெள்ளைக்காரத் துரை ஓடிப்போனார். தோட்டத்துக் கணக்கெழுதிய பெரிய கிராணி ஆர்தர் அவர் பங்களாவில் குடியேறினார். அங்கே அவருக்கு உயிரானவை, சன்னல்களில் தொங்கிய பச்சைப் பூப்போட்ட கனத்த திரைச்சீலைகள்.

"வெயில் ஏறுறதுக்குள்ள இழுத்து மூடிடணும், சாயங்காலம் திறந்து விடணும். வீடு ஜில்லுனு இருக்கும்லா!" என்று, வரிசை வீடுகளான லயத்தில் குடியிருந்த கூலியாட்களுக்குப் பாடம் நடத்துவார். இடுப்பில் கோணிச்சாக்கோடு நின்றவர்கள் மரியாதையாகத் தலையாட்டுவார்கள். லயத்து வீடுகளுக்குச் சன்னலே கிடையாது.

துணிப் பஞ்சம் முற்றியது. மரவள்ளிக் காட்டு வேலைக்கு வராத லயத்து இராசாத்தியைப் பார்க்க ஆர்தரின் மனைவி ரூத் போனாள்.

"கட்டிக்க ஒண்ணுமில்லம்மா, எப்படி வெளிய வர்றது?" என்று கதவுக்குப் பின்னாலிருந்து அழுகைக் குரல் வந்தது.

ரூத் வீடு திரும்பிக் கத்தரிக்கோலை எடுத்தாள். வேலையாக ஜித்ரா நகருக்குப் போயிருந்த ஆர்தர் மறுநாள் காலை வந்தபோது சன்னல்கள் அம்மணமாக நின்றன. அவர் கத்த வாயெடுப்பதற்குள் ஜப்பானிய அதிகாரி சோதனைக்கு வந்துவிட்டான். ஆள் கணக்கெடுக்கும் காலைப் பெரட்டில் பெண்கள் எல்லாரும் ஒரே பச்சைப் பூவில் வரிசையாக நின்றார்கள்.

"சீருடையா? நல்ல ஒழுங்கு! யார் ஏற்பாடு?"

ஆர்தர் இடுப்பு வளையக் கும்பிட்டார். "என் ஏற்பாடுதான், ஐயா!"

"அப்படியானால் ஆண்களுக்கும் தைத்துப் போடு."

படுக்கையறைத் திரைகளும் மேசை விரிப்பும் அன்றைக்கே போயின. பங்குனி முழுக்க ஆர்தர் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு கூடத்தில் நிழல் தேடி நகர்ந்துகொண்டிருந்தார்.