திருமூர்த்தி சாரின் குரல்

ஜெயபிரகாஷை எனக்குப் பிடிக்காது. ஒரு காலத்தில் ரொம்பப் பிடித்திருந்தது. அதனால் எரிச்சல் இன்னும் கூடுதல்.

1998 குளிரில், பார்சிப்பனியில், எங்கள் கன்சல்டிங் கம்பெனியின் கெஸ்ட் ஹவுஸில் ஏழு பேர் தரையில் படுத்திருந்தோம். ஹீட்டரைக் கூட்டிக் குறைக்கும் தெர்மோஸ்டாட்டுக்கு டப்பா போட்டுப் பூட்டியிருந்தார் முதலாளி திருமூர்த்தி. கேட்டால், "நம்ம வீடு மாதிரிங்க தம்பி, கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்குங்க" என்பார். எங்கள் கிரீன் கார்டு அவர் கையெழுத்தில் தொங்கியது. கம்பளிக்குள் சுருண்டு படுத்தோம்.

ஜெயபிரகாஷுக்கு டிவியில் வரும் பிரிட்டிஷ் காமெடி என்றால் உயிர். கடைக்காரன், ஆபீஸ் மேனேஜர், க்யூவில் நிற்பவன் என்று சின்னச் சின்ன நாடகங்கள்.

"ஒருத்தனும் ஜோக் சொல்லல பாரு சீனு. சீரியஸா பேசறான், மானம் போகுது. அதான்டா அடி" என்பான்.

தமிழ்ச் சங்கத்தின் பொங்கல் விழாவில் திருமூர்த்தியையே நாடகமாக்கி மேடை ஏற்றினான். பூட்டிய டப்பா, இடுப்பில் சாவி, கம்பளி போர்த்தி நடுங்கும் நாங்கள். அவர் குரலிலேயே ஜெயபிரகாஷ் "அட்ஜஸ்ட் பண்ணிக்குங்க" என்றபோது ஹாலே அதிர்ந்தது. முன்வரிசையில் திருமூர்த்தி உட்கார்ந்திருந்தார். இவன் கிரீன் கார்டு போச்சு என்று நினைத்தேன். பெருமையாகவும் இருந்தது, பொய் சொல்லவில்லை.

திருமூர்த்தி எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தார். மேடையேறி அவனைக் கட்டிக்கொண்டார்.

"என்னைய அப்படியே உரிச்சு வெச்சுட்டீங்க தம்பி! கம்பெனி தீபாவளி பார்ட்டிக்கும் இதையே போடோணும்."

போட்டான், வெட்கமே இல்லாமல். அடுத்த தீபாவளிக்கும் போட்டான். டப்பாவின் பூட்டு அப்படியே இருந்தது. கையெழுத்து அவனுக்குத்தான் முதலில் விழுந்தது. பிறகு கெஸ்ட் ஹவுஸ் பொறுப்பும் சாவியும் அவனிடம் வந்தன.

நான் வேறு வேலை தேடிக்கொண்டு, 2001 ஜனவரியில் மிச்ச சாமானை எடுக்கப் போனேன். அன்றுதான் சென்னையிலிருந்து வந்திறங்கிய தீபக் என்பவர் சூட்கேஸ் பக்கத்தில் நடுங்கிக்கொண்டு நின்றார்.

"ஹீட்டர் ஆன் பண்ண முடியுமா சார்?"

"நம்ம வீடு மாதிரிங்க தம்பி, கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்குங்க" என்றான் ஜெயபிரகாஷ், அச்சு அசல் திருமூர்த்தி குரலில். சொல்லிவிட்டு என்னைப் பார்த்துக் கண்ணடித்தான்.

எனக்கு அவனை அறையலாம் போலிருந்தது. தீபக்குக்கு அது மிமிக்ரி என்று தெரியாது. "சரிங்க சார்" என்று ஸ்வெட்டரோடேயே தரையில் படுத்துக்கொண்டார்.