அணைத்த அடுப்பு

தங்கச் சுரங்க ஊரான ஊரிகத்தில் அக்காவின் லைன் வீட்டுச் சுவரில் பழைய இத்தாலியப் படமொன்றின் போஸ்டர் ஒட்டியிருந்தது. ஒரு பெண்ணின் கழுத்தில் ஓர் ஆணின் கை. அது அணைப்பா, நெரிப்பா என்று எனக்கு விளங்கியதே இல்லை. "இதுதாம்மா காதலு" என்பார் மாமா, அக்காவின் கணவர். பெங்களூரில் ஒரு திரைப்படக் கழகம் நடத்திக்கொண்டிருந்தார்.

அந்தப் படத்தை எங்களுக்கும் போட்டுக் காட்டினார். தான் ஆசைப்பட்டவளை ஒருவன் பெரிய வீட்டில் அடைத்து, உனக்கு நினைவு தவறுகிறது என்று நாள்தோறும் சொல்லிச் சொல்லி நம்பவைக்கிறான். கடைசியில் அவளே சாவியை அவன் கையில் கொடுத்துவிடுகிறாள். படத்தின்மேல் எனக்குக் கோபமில்லை. அதை எடுத்தவர் அவனை நோயாளியாகத்தான் காட்டியிருந்தார். மாமாதான் அவனை நாயகனாக்கிக்கொண்டார்.

கல்யாணத்துக்குப் பிறகு அக்கா வேலையை விட்டாள். தோழிகளை விட்டாள். பிறகு தன்னையே நம்பாமல் போனாள். "எனுக்கு இன்னாமோ ஆயிடுச்சுடி. அடுப்ப அணைச்சனா இல்லியான்னே தெரியல" என்று என்னிடம் அழுதாள். அக்காவைப் பெற்ற பெரியம்மாவோ, "அவரு எவ்ளோ பொறுமையா பாத்துக்கறாரு" என்று மருமகனை மெச்சினாள்.

ஒரு ஞாயிறு மதியம் அங்கே போயிருந்தேன். அக்கா அடுப்பை அணைத்துவிட்டுக் கொல்லைப்பக்கம் போனாள். மாமா சமையலறைக்குள் நுழைந்து அதைப் பற்றவைத்ததைக் கூடத்திலிருந்து பார்த்தேன். பிறகு, "மறுபடியும் மறந்துட்டியாம்மா?" என்று கனிவாகக் குரல் கொடுத்தார்.

"நீங்கதானே இப்ப பத்தவெச்சீங்க!" என்று கத்தினேன். அவர் சிரித்தார். "சும்மா வெளையாட்டு. அவ என்னை நம்பி இருக்கணும், அவ்ளோதான்."

கொல்லை வாசலில் வந்து நின்ற அக்கா அவரைப் பார்க்கவே இல்லை. என்னைத்தான் கேட்டாள்: "அப்போ நான் அணைச்சேனா? எனுக்கு ஒண்ணும் ஆவலியா?"

உடுத்திய புடவையோடு என்னுடன் வந்துவிட்டாள்.

இன்றும் அவர் அந்தக் கழகத்தில் காதலைப் பற்றிப் பேசுகிறார். கைதட்டுகிறார்கள். நினைத்தாலே எனக்கு உடம்பு எரிகிறது.

போன மாதம் பூதிகோட்டையில் ஒரு கல்யாணப் பந்தியில் சொந்தக்காரப் பெண்மணி ஒருவர் அக்காவைக் கேட்டார்: "அவ்ளோ ஆசையா வெச்சிருந்தாரே, இன்னாத்துக்கும்மா வுட்டுட்டு வந்தே?"

"ஆசைதாங்க. எம்மேல இல்ல, எம்புத்தி கெடறதுமேல" என்றாள் அக்கா.

அந்தப் பெண்மணியின் இலையைச் சுருட்டி எறியலாம் போலிருந்தது எனக்கு. அக்கா பரிமாறுகிறவரைக் கூப்பிட்டு, இன்னும் கொஞ்சம் சாம்பார் கேட்டு வாங்கிக்கொண்டாள்.