இந்தோனேசியாவில் என் கைலி

இந்தோனேசியாவில், முக்கியமாக ஜாவா தீவின் கிழக்குப் பக்கம், என்னை அடையாளம் தெரிந்தவர்கள் சில லட்சம் பேர் இருக்கிறார்கள். கரையாம்புத்தூரில் என்னை எல்லாருக்கும் தெரியும். ஆனால் அதில் பாதிப் பேர் தெரியாததுபோலப் போகிறார்கள். இரண்டுக்கும் காரணம் ஒன்றுதான்.

என் பெயர் மணிவண்ணன். ‘மணி சவுண்ட் சர்வீஸ்’ என்று வாசலில் போர்டு இருக்கிறது. காதுகுத்து, மஞ்சள் நீராட்டு, காரியம், கட்சிக் கூட்டம் எதுவானாலும் மைக் செட் என்னுடையது. பள்ளிக்கூடம் படிக்கிற வயதிலேயே தென்னைமரத்தில் ஏறிக் குழாய் ஸ்பீக்கர் கட்டியவன். படிப்பு ஏறவில்லை, நான் மரம் ஏறினேன் என்று என் அப்பா வருகிறவர் போகிறவரிடம் எல்லாம் சொல்வார். என் கல்யாணத்துக்கும் நானே மைக் செட் போட்டுக்கொண்டேன். தாலி கட்டுகிற நேரம் பார்த்து மைக் ‘கூ’வென்று கூவ ஆரம்பித்தது. எனக்குப் பொறுக்கவில்லை. ஒரு முடிச்சைப் போட்டுவிட்டு எழுந்துபோய் ஆம்ப்ளிஃபயரைத் திருகிவிட்டு வந்துதான் மீதியைக் கட்டினேன். “இந்த ஆளு தாலிய ரெண்டு தவணையில கட்டுனாரு” என்று என் மனைவி அருள்மொழி இன்றைக்கும் சொல்வாள்.

இப்படிப்பட்டவன் கையில் போனும் நெட்டும் கிடைத்தால் என்ன ஆகும்? ஒரு மத்தியானம் சாப்பிட்டுப் படுத்தபடி வீடியோ தள்ளிக்கொண்டிருந்தேன். திடீரென்று ஒரு லாரி வந்தது. லாரி என்றா சொன்னேன்? நகரும் மச்சு வீடு. அடியிலிருந்து உச்சிவரை ஸ்பீக்கர் பெட்டிகள். சுற்றி வாழைத்தோப்பு, தென்னை, ரோட்டில் காயப்போட்ட நெல். பாகூர் பக்கம் என்றே நினைத்துவிட்டேன். ஆனால் அது ஜாவாவில் ஒரு கிராமம். ஏதோ ஊர்வலம். பேஸ் என்கிற அந்தக் கனத்த சத்தம் ஒரு அடி அடித்ததும் ஒரு வீட்டு ஜன்னல் கண்ணாடி பொலபொலவென்று கொட்டியது. வீட்டுக்காரர் வெளியே வந்து ஆடினார். கண்ணாடி உடைந்தவன் ஆடுகிற நாடு ஒன்று உலகத்தில் இருக்கிறது என்பதே எனக்கு அன்றுதான் தெரியும். அங்கே அதற்கு ‘ஹோரெக்’ என்று பெயராம். ஊருக்கு ஊர் போட்டி, அதற்கு ரசிகர்கள், அந்த லாரிகளுக்கு ஹீரோ மாதிரிப் பெயர்கள். வேண்டாம் என்கிறவர்களும் அங்கே நிறைய உண்டு என்பதை நான் பார்க்கவில்லை. அந்த வீடியோக்களைத் தள்ளிவிட்டேன்.

பிறகு நான் மனுஷனாக இல்லை. டீக்கடையில், ரேஷன் கடை வரிசையில், கழனி வரப்பில், எங்கே உட்கார்ந்தாலும் ஜாவா லாரிதான்.

“இன்னா மாமா, வூட்டுக்குள்ள கிரைண்டர் ஓடுதா?” என்று அருள்மொழி அடுப்படியிலிருந்து கேட்பாள்.

“இது பேஸுடி. இதெல்லாம் ஒனக்குப் புரியாது.”

“கிரைண்டர்ல மாவாவது வரும்” என்பாள்.

அந்த ஜோரில் நானும் ஒரு சேனல் ஆரம்பித்தேன். பார்த்தவர்கள் எல்லாரும் சொந்தக்காரர்கள். அவர்களும் கல்யாணத்தில் என்னைச் சந்திக்க வேண்டியிருக்கும் என்பதற்காகப் பார்த்தவர்கள். விடாமல் புதிதாக இரண்டு பேஸ் பெட்டி செய்து, வீட்டுக்குப் பின்னால் வைத்து, எதிரே செங்கல் அடுக்கிப் போனைச் சாத்தி, டெஸ்டிங் வீடியோ எடுத்தேன். பெட்டிக்குப் பக்கத்தில் கைகட்டிக்கொண்டு, கட்சி பேனரில் நிற்கிறவர் மாதிரி முகவாயைத் தூக்கி நின்றேன். பேஸ் அடித்தது. தகரக் கொட்டகை அதிர்ந்தது. எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. வெட்டாமல் ஒட்டாமல் அப்படியே ஏற்றிவிட்டேன்.

அந்த வீடியோவில் என்ன இருந்தது என்பதை இப்போதே சொல்லிவிடுகிறேன். எனக்குத் தெரிவதற்கு ரொம்ப நாளானது. உங்களையும் காக்கவைக்க வேண்டாம். பேஸ் அடிக்க அடிக்க, அந்த அதிர்வில், என் இடுப்பில் இருந்த கைலி முடிச்சு கொஞ்சம் கொஞ்சமாக இளகியது. பாட்டு உச்சத்துக்குப் போகும்போது கைலி முழங்காலுக்கு வந்துவிட்டது. உள்ளே பட்டை போட்ட டிராயர். நான் பெட்டியிலிருந்து கண்ணை எடுக்காமல், தலையை ஆட்டிக்கொண்டே குனிந்து, கைலியை ஏற்றிக் கட்டிக்கொண்டு, பழையபடி முகவாயைத் தூக்குகிறேன். கைலியை அவிழ்த்துக் கட்டுவது எனக்கு மூச்சு விடுவது மாதிரி. செய்தது நினைவிலேயே இல்லை. அதைவிட, நான் அந்த வீடியோவை எத்தனை தடவை போட்டுப் பார்த்தாலும் ஸ்பீக்கரின் நடு வட்டத்தை மட்டும்தான் பார்த்தேன்.

ஜாவாக்காரர்களும் நம்மைப்போல இடுப்பில் கைலி சுற்றுகிறவர்கள். அவர்களுக்கு இது எப்படி இருந்திருக்கும் என்று பாருங்கள்.

ஒரு வாரத்தில் போன் சூடாகிவிட்டது. வந்த பதில்கள் எல்லாம் இந்தோனேசியாவிலிருந்து. முக்கால்வாசியில் டபிள்யூ, கே, டபிள்யூ, கே என்று இரண்டே எழுத்து, ரயில்பெட்டி மாதிரி நீளமாக. மொழிபெயர்க்கும் பட்டனை அமுக்கினால் அப்படியேதான் நின்றது. எழுத்துக்கூட்டிப் படித்தேன்: வுக்வுக்வுக்வுக். புரிந்துவிட்டது. என் பேஸின் சத்தத்தைத்தான் எழுதிக் காட்டுகிறார்கள். என்ன ரசனை! உடனே பெயின்டரைக் கூப்பிட்டு இரண்டு பெட்டியிலும் ‘வுக் வுக்’ என்று சிவப்பில் எழுதச் சொன்னேன். அவர்கள் ஊரில் சிரிப்பை அப்படித்தான் எழுதுவார்கள் என்று எனக்கு யார் சொல்வது? அந்தப் பெட்டிகளோடு நான் ஒரு சாவுக் காரியத்துக்குக்கூடப் போய் வந்தேன்.

பதில் எழுதியவர்களில் சுகெங் என்று ஒருவர் விடாமல் வந்தார். மலாங் என்ற ஊருக்குப் பக்கத்தில் அவரும் சவுண்ட்காரர்தான். சொந்தமாக லாரி வைத்திருந்தார். அவர் எழுதியதைப் போன் தமிழாக்கித் தந்தது: “ஐயா, அடுத்த முறை உங்கள் சரோங்கை இறுக்கமாகக் கட்டுங்கள்.”

சரோங் என்றால் என்ன என்று யோசித்தேன். லாரி வைத்திருக்கிற ஆள் சொல்கிறார் என்றால், பெட்டிகளை வண்டியோடு சேர்த்துக் கட்டுகிற பெல்ட்டாகத்தான் இருக்க வேண்டும் என்று முடிவு செய்தேன். தொழில் தெரிந்தவர், அக்கறையாகச் சொல்கிறார். எங்கள் ஊர் மாரியம்மனுக்கு ஆடியில் செடல் திருவிழா வரப்போகிறது, அன்றைக்கு டிராக்டர் பெட்டியில் ஸ்பீக்கரை அடுக்கி ஜாவா மாதிரியே ஊர்வலம் விடப்போகிறேன் என்று நானே சேனலில் அறிவித்திருந்தேன். அவருக்குப் பதில் எழுதினேன்: “கவலை வேண்டாம். இந்த முறை என் சரோங்கை நாலு ஆள் சேர்ந்து கட்டப்போகிறார்கள்.”

அதற்கு வந்த வுக்வுக் எல்லாம் இரண்டு நாள் ஓயவில்லை.

செடலுக்குப் பாகூர் பிரிட்டோவிடம் பெட்டிகள் இரவல் கேட்டேன். பிரிட்டோவும் சவுண்ட் சர்வீஸ்தான். எனக்கு இளையவன், மாதா கோவில் திருவிழாக்கள் எல்லாம் அவன் கையில். பெட்டிகளை இறக்கிவிட்டு, என்னை ஒரு மாதிரி பார்த்தான்.

“மணிண்ணே, அந்த வீடியோவ நீ முழுசா பாத்தியா?”

“நூறு வாட்டி பாத்தேன்பா. பேஸ் கிளீனா இருக்குதுல்ல?”

“கிளீனாத்தான் இருக்குது” என்று சொல்லிவிட்டுக் கயிற்றை இழுத்துக் கட்டினான். அவன் எதைச் சொன்னான் என்று பிறகுதான் தெரிந்தது.

செடல் அன்று சாயந்திரம் அம்மன் முன்னால் போக, மேளம் அதற்குப் பின்னால், அதற்கும் பின்னால் என் டிராக்டர். போனைக் கம்பில் கட்டி நேரலை விட்டேன். ஜாவாவில் இருந்து ஆட்கள் வந்து குவிந்தார்கள். கோவில் நாட்டாமை சிங்காரவேலு என்னிடம், “சாமி ஊர்வலம்பா, பாத்து வையி” என்றார். தலையை ஆட்டினேன். பெரிய தெரு முனையில் டிராக்டர் திரும்பியதும் பேஸை முழுசாகத் திறந்துவிட்டேன்.

ஒரே அடிதான். பக்கிரியின் மாட்டுக் கொட்டகை அந்த முனையில் இருக்கிறது. அதன் சிமெண்ட் ஷீட் நடுவில் விரிசல் விட்டு மடார் என்றது. உள்ளேயிருந்த கறவை மாடு கயிற்றை அறுத்துக்கொண்டு வெளியே பாய்ந்தது. மேளக்காரர்கள் இரண்டு பக்கமும் ஒதுங்கினார்கள். மாடு ஊர்வலத்துக்கு நடுவே, அம்மனைத் தாண்டி, ரோட்டைக் குறுக்கே கடந்து, கரும்புக் கொல்லைக்குள் புகுந்தது. எங்கள் ஊர் யூனியன் பிரதேசத்து எல்லை ஊர். அந்தக் கொல்லைக்கு அந்தப் பக்கம் தமிழ்நாடு.

“டேய் மணி, மாடு போச்சிடா” என்று பக்கிரி தலையில் கைவைத்துக்கொண்டார். நான் டிராக்டரிலிருந்து குதித்து ஓடினேன். போனை அணைக்கத் தோன்றவில்லை. கூட்டத்தில் யாரோ அந்தக் கம்பைப் பிடுங்கி, என் பின்னாலேயே தூக்கிக்கொண்டு ஓடிவந்தார்கள். கைலியை ஒரு கையில் தூக்கிப் பிடித்துக்கொண்டு, கரும்புச் சோகை முகத்தில் அறைய, நான் மாநிலம் விட்டு மாநிலம் ஓடியதை வெளிநாட்டில் ஆயிரக்கணக்கான குடும்பங்கள் சாப்பாட்டு நேரத்தில் பார்த்தன.

மாடு ரொம்ப தூரம் போகவில்லை. அந்தப் பக்கத்து ஊர் டீக்கடை வாசலில் நின்று, யாரோ போட்ட வாழைப்பழத் தோலைத் தின்றுகொண்டிருந்தது. என்னைக் கண்டதும் மறுபடி மிரண்டது. “நீ தள்ளி நில்லுடா, ஒன்னப் பாத்துதான் அது பயப்படுது” என்று பக்கிரி என்னைக் கொல்லை ஓரத்திலேயே நிறுத்திவிட்டார்.

அங்கே மூச்சிரைக்க உட்கார்ந்திருந்தபோதுதான் பிரிட்டோ வந்தான். பக்கத்தில் குந்திக்கொண்டு, தன் போனில் என் பழைய வீடியோவைப் போட்டு நீட்டினான்.

“அண்ணே, ஸ்பீக்கரப் பாக்காத. கொஞ்சம் இந்தப் பக்கம் பாரு. ஒன் இடுப்பப் பாரு.”

பார்த்தேன். முதல் தடவை நம்பவில்லை. இரண்டாவது தடவை டிராயர் என்னுடையதுதான் என்று தெரிந்தது.

“வுக்வுக்ன்னா?” என்றேன்.

“சிரிக்கிறாங்கண்ணே.”

“சரோங்?”

பிரிட்டோ என் கைலி நுனியை இரண்டு விரலால் தூக்கிக் காட்டினான்.

வீட்டுக்கு வந்து சுவரைப் பார்த்து உட்கார்ந்தேன். அருள்மொழி தண்ணி கொண்டுவந்து வைத்தாள்.

“தெரிஞ்சிடுச்சா?” என்றாள்.

“ஒனக்கு எப்பத் தெரியும்?”

“நீ போட்ட அன்னிக்கே.”

“ஏன்டி சொல்லல?”

“நீ அவ்ளோ சந்தோசமா இருந்தே. அப்புறம் டிராயரும் தொவச்ச டிராயருதான். சரி போவுதுன்னு விட்டுட்டேன்.”

மறுநாள் பக்கிரி கொட்டகைக்கு நானே ஷீட் மாற்றிக் கொடுத்தேன். மேலே ஏறி ஆணி அடித்தபோது கீழே மாடு என்னையே பார்த்துக்கொண்டிருந்தது. சேனலை அழித்துவிடுவது என்று முடிவு செய்து போனை எடுத்தேன். எந்தப் பட்டன் என்று தேடிக்கொண்டிருந்தபோது வீடியோ கால் வந்தது. சுகெங்.

திரையில் என் வயசு ஆள் ஒருவர், மீசை இல்லாமல், கட்டம்போட்ட கைலியில் உட்கார்ந்திருந்தார். மாடு கிடைத்ததா என்று கேட்கத்தான் கூப்பிட்டிருந்தார். அவர் மொழி எனக்கு வராது, என் மொழி அவருக்கு வராது. இரண்டு பேரும் கத்தினோம். நான் “மாடு, மாடு” என்று தலையில் கொம்பு வைத்துக் காட்டினேன். அவர் காதுக்குப் பின்னால் கைவைத்து “ஹா?” என்றார். அவர் பேச, நான் “ஹா, இன்னா?” என்றேன். மொழிதான் தடை என்று நினைத்தேன். அவர் மனைவி பின்னாலிருந்து வந்து, அவர் காதைத் தொட்டுக் காட்டி, கையை ஆட்டினார். இடது காது சுத்தமாகக் கேட்காது. இருபது வருஷமாக லாரியின் சத்தம். அப்புறம் சுகெங் தட்டச்சு செய்து அனுப்பினார். போன் தமிழாக்கியது: “ஐயா, நீங்களும் ‘ஹா’ என்கிறீர்கள். டாக்டரிடம் காதைக் காட்டுங்கள். நான் சிரிக்கவில்லை.”

அருள்மொழி அதை வாங்கிப் படித்தாள். அடுத்த வாரம் என்னைப் பிள்ளையார்குப்பம் ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனாள். கண்ணாடி வைத்த அறையில் உட்காரவைத்து, காதில் ஹெட்போன் மாட்டி, சத்தம் கேட்டால் பட்டனை அமுக்கச் சொன்னார்கள். ‘கீ’யென்று கேட்டது. அமுக்கினேன். இன்னும் கேட்டது. இன்னும் அமுக்கினேன். நூற்றுக்கு நூறு வாங்குகிறேன் என்று எனக்குப் பெருமை. டெஸ்ட் செய்கிற பெண் கதவைத் திறந்து எட்டிப்பார்த்தாள்.

“சார், நான் இன்னும் ஆரம்பிக்கவே இல்ல.”

நான் கேட்டுக்கொண்டிருந்தது என் தலைக்குள் இருக்கிற சத்தம். எத்தனையோ வருஷமாக இருக்கிறது. எல்லாருக்கும் அப்படித்தான் என்று நினைத்திருந்தேன். இடது காதில் பாதி போய்விட்டதாம். போனது வராது, இருப்பதைக் காப்பாற்றலாம் என்றார் டாக்டர். காதுக்குள் வைக்க ஒரு மெஷின் எழுதிக் கொடுத்தார். ஊருக்கே சத்தம் வைத்தவனுக்குக் காதில் ஒரு குட்டி ஸ்பீக்கர்.

பிரிட்டோவின் பெட்டிகளைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். இப்போது மைக் செட் போடுகிற இடத்தில் பேஸைப் பாதிக்கு மேல் திறப்பதில்லை. “இன்னாபா, சவுண்டே இல்ல” என்று இளவட்டங்கள் கேட்டால் காதைக் காட்டுவேன். சேனலை அழிக்கவில்லை. பேஸ் எவ்வளவு அடித்தாலும் அவிழாத மாதிரி கைலி கட்டுவது எப்படி என்று ஒரு வீடியோ போட்டேன். ஜாவாவிலிருந்து அவரவர் கட்டு என்று ஏழெட்டு விதம் அனுப்பினார்கள். அதில் ஒரு கட்டு உண்மையிலேயே நம்முடையதைவிட நன்றாக இருக்கிறது; அதைத்தான் இப்போது கட்டுகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை சுகெங் கூப்பிடுவார். அவரும் மெஷின் வைத்துக்கொண்டார். நாங்கள் இரண்டு வார்த்தை பேசுவதற்குள் பெண்கள் போனைப் பிடுங்கிவிடுகிறார்கள். அவர் மனைவி அங்கே ஓடுகிற சீரியல் ஒன்றைக் காட்டிவிட, அருள்மொழி அதை இங்கே நெட்டில் பார்க்க ஆரம்பித்தாள். பாஷை ஒரு எழுத்து தெரியாது. ஆனால் போன ஞாயிறு அதில் வருகிற மாமியார் மருமகளின் சோற்றில் என்னவோ கலந்ததைப் பார்த்து மூக்கை உறிஞ்சினாள்.

“அவ இன்னா சொல்றான்னு ஒனக்கு எப்படிடி புரியுது?” என்று கேட்டேன்.

“மூஞ்சப் பாத்தா தெரியாதா? நீ செத்த நேரம் அந்தாண்ட போய் உக்காரு மாமா, ஒன் மெஷின் கொய்யுங்குது” என்றாள்.

எழுந்து வாசலுக்குப் போனேன். உள்ளே போனில் இரண்டு பெண்களும், ஒருத்தி தமிழிலும் ஒருத்தி ஜாவா பாஷையிலும், அந்த மாமியாரைத் திட்டிக்கொண்டிருந்தார்கள்.