கதவில் ஒரு முட்டை

பள்ளிக்கூடத்தை விட்டு அம்பத்தூர் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட் பக்கமாக நடந்துகொண்டிருந்தேன். புத்தகப்பை வகுப்பிலேயே கிடந்தது. என் மாமா போர்க்கப்பலை இழுத்தவர் என்று நான் சொன்னதற்கு வாத்தியார் உட்பட எல்லோரும் சிரித்தார்கள். இனி அங்கே போவதில்லை என்று முடிவு செய்தேன். வாழ்க்கையில் நான் ஏறக்குறையக் காப்பாற்றிய ஒரே முடிவு அது.

அம்மாவின் தம்பியான மாமா, விசாகப்பட்டினத்தில் கடற்படையின் டக் ஒன்றில் கயிறு கட்டுவதில் தொடங்கி எஞ்சின் வரை பார்த்தவர். துறைமுகத்துக்குள் போர்க்கப்பல்களை இழுத்தும் முட்டித் தள்ளியும் கரை சேர்க்கிற குட்டைப் படகு அது. வயதாகி அது ஏலத்துக்குப் போனதும் மாமாவின் வேலையும் போனது. கள்ளிக்குப்பத்தில் எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டார். "அங்க டீ கிளாஸ் கழுவிக்கினு இருந்திருப்பான்" என்பாள் அம்மா.

அந்த டக்கைப் பெரிய துண்டுகளாக்கி லாரியில் எஸ்டேட்டுக்குக் கொண்டுவந்திருப்பதாக அன்று காலைதான் மாமாவுக்குச் சேதி வந்திருந்தது. நான் போனபோது, பழைய இரும்புக் கிடங்கில் மேஸ்திரியிடம் மன்றாடிக்கொண்டிருந்தார். எஞ்சின் அறைக் கதவு மட்டும் போதுமாம். ஒவ்வொரு போர்க்கப்பலையும் கரை சேர்த்ததும் அந்தக் கதவின் உட்புறம் உளியால் ஒரு கோடு போடுவது டக்கில் இருந்தவர்கள் வழக்கம்.

"தினம் ஒருத்தன் வந்து இது என் கப்பலுன்றான். போய்கினே இரு அண்ணாத்தே."

மாமா என்னைப் பார்த்தார். பிறகு மேஸ்திரி பக்கம் திரும்பினார்.

"யாராண்டயும் சொல்லாதத சொல்றேன், மேஸ்திரி. கோட்டுக்கு நடுவுல ஒரு முட்டை கீது பாரு. கயித்த அவுத்துட்டேன்னு நான்தான் கை காட்னேன். அவுக்கல. கரையில கட்டுன கப்பல அரை மணி நேரம் இஸ்த்தோம். எஞ்சின் வெந்துச்சி, கப்பல் நவுரல. அன்னிக்கு கேப்டனே போட்ட முட்டை அது."

மேஸ்திரி கதவைத் திருப்பி, மண்ணெண்ணெய்த் துணியால் துடைத்தார். கோடு, கோடு, கோடு. நடுவில் கோழிமுட்டை அளவில் ஒரு பூஜ்யம். அவர் சிரித்துச் சிரித்துத் தரையில் உட்கார்ந்துவிட்டார். காலையில் வகுப்பில் கேட்ட சிரிப்பு இல்லை அது.

"பொய் சொல்றவன் இத்த சொல்ல மாட்டான்" என்றார். "டீசல் டாங்க் எங்க கீதுன்னு தெரியாம வெட்ட பசங்க பயப்பட்றானுங்க. நீயே வெட்டிக் குடு மாமே. கதவ இப்பவே எத்துகினு போ."

மாமா அந்த இரும்பையெல்லாம் ஒரு சுற்று சுற்றிவந்தார். "செரி" என்றார்.

கதவை மூன்று சக்கர மீன்பாடி வண்டியில் ஏற்றி, அதன்மேல் நான் ராஜா மாதிரி உட்கார்ந்து வந்தேன். கதையைக் கேட்ட அம்மா முட்டையைத் தடவிப் பார்த்து, "எத்தையும் உருப்படியா அவுக்க மாட்டியாடா நீ?" என்றாள். கிளாஸ் கழுவின பேச்சு அதோடு நின்றது.

மறுநாள் காலை மாமா பெட்டியிலிருந்து, டக்கில் போட்டிருந்த பழைய காக்கிச் சட்டையை எடுத்து இஸ்திரி போட்டு மாட்டிக்கொண்டார். கிடங்குக்குள் நுழைந்ததும், யார் வீட்டுக்கோ வந்தவர் போல அந்த இரும்பை விரலால் மூன்று தட்டுத் தட்டினார். பிறகு கேஸ் கட்டரை வாங்கிப் பற்றவைத்தார். வேலை கிடைத்த முதல் நாள் என்பதால்தான் அந்தச் சட்டை என்று நினைத்து, நான் கைதட்டினேன்.