நெத்திலி காயும் தொழிற்சாலை

1. திருவொற்றியூரில் மூடிக் கிடக்கும் ஒரு கண்ணாடித் தொழிற்சாலைக்குள், வாட்ச்மேனிடம் சொல்லிவிட்டு கேமராவோடு போனேன்.
2. உலைக்கூடத்துக்கு முன்னால் இருந்த சிமென்ட் முற்றம் முழுக்க நெத்திலி காய்ந்துகொண்டிருந்தது.
3. அதைக் கிளறிவிட்டுக்கொண்டிருந்த இரண்டு பெண்களிடம், படத்தில் விழாமல் தள்ளி நிற்க முடியுமா என்று கேட்டேன். மீனையும் கூட்டி ஓரமாக ஒதுக்கிக் கொடுத்தார்கள்.
4. படம் நன்றாக வந்தது.
5. அதை அவர்களிடம் காட்டினேன்.

ஐந்தாவதைச் செய்யாமல் இருந்திருக்கலாமோ என்று இப்போது தோன்றுகிறது. காட்டாமல் வந்திருந்தால் அது சரியா என்றும் தெரியவில்லை.

மெக்கானிக்கல் இன்ஜினியரிங் படித்த நான், எண்ணூர் வரைக்கும் மூடிப்போன ஆலைகளைப் படமெடுத்து வருகிறேன். நேர்க்கோடுகள், நிழல் விழாத வெளிச்சம், ஆட்கள் கூடாது. இதுதான் என் முறை.

இருவரில் மூத்தவர் கேமரா திரையை உற்றுப் பார்த்தார். "இன்னா பாப்பா, சுடுகாடு கணக்கா கீது? எங்க மீனு எங்க?"

"கண்காட்சிக்கு, அக்கா. 'ஆளில்லாத ஆலைகள்'னு தலைப்பு."

"அப்போ நாங்க ரெண்டு பேரும் இன்னா, பேயா?" என்று கூட இருந்த அவருடைய நாத்தனார் சிரித்தார். மூத்தவர் சிரிக்கவில்லை.

"வாணாம்மா. காலி எடம்னு தெரிஞ்சா கண்டெய்னர் அடுக்க வந்துடுவானுங்க. பக்கத்து கம்பெனில அப்டித்தான் ஆச்சு. கரையில கடல் உள்ள வராம கல்லக் கொட்டிட்டானுங்க, மணலே இல்ல. இத்த வுட்டா எங்க காய வைக்கிறது?"

அப்படியென்றால் மீனைப் பரப்பி, நீங்கள் இருவரும் நில்லுங்கள், வேறு படம் எடுக்கிறேன் என்றேன். தீர்வு கிடைத்துவிட்டதாகவே நினைத்தேன்.

"நல்லா கீதே!" என்றார் மூத்தவர். "ஓனரு பார்த்தா கேட்டைப் பூட்டிடுவான். வாட்ச்மேனுக்கும் வேல காலி."

"பூட்டட்டுமே அண்ணி. எத்தினி நாளு ஒளிஞ்சிகினே காய வைக்கிறது? படம் வந்தா நாமளும் கீறோம்னு தெரியட்டும்."

"உனுக்கு இன்னாடி, உம்புருசன் போட்டுல மீன் புடிக்கப் போறான். எனுக்கு இந்த நெத்திலி மட்டுந்தான்."

இருவரும் என்னை மறந்துவிட்டு வாதாடினார்கள். கடைசியில் மீனைப் பரப்பியபின் நாத்தனார் கேமராவை நேராகப் பார்த்து நின்றார். மூத்தவர் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். அதையும் எடுத்தேன்.

வீட்டுக்கு வந்து எழுதிப் பார்த்தேன். காலி முற்றத்தின் படத்தைக் கொடுத்தால் இடம் போகலாம். மீன் உள்ள படத்தைக் கொடுத்தாலும் போகலாம். எதையும் கொடுக்காவிட்டால் எப்போதும்போல் நடக்கலாம். ஆனால் நாத்தனார் கேட்டது அதையல்ல. ஒரு படத்தால் இதில் எதுவுமே நடக்காமலும் போகலாம். அது எனக்கு ஆறுதலா, வருத்தமா என்றும் புரியவில்லை.

இந்த வாரக் கடைசிக்குள் கண்காட்சிக்குப் படங்களைத் தர வேண்டும். மற்றவற்றை அனுப்பிவிட்டேன். முற்றத்தின் இரண்டு படங்களும் என் கணினியில் இருக்கின்றன. தருவேன் என்றோ மாட்டேன் என்றோ யாரிடமும் இன்னும் சொல்லவில்லை.