சாவு வீட்டுக்கு இரவல் போன படம்

எங்கள் வீட்டு முன்கூடத்தில் நிம்மதியாகச் சாய்ந்து உட்கார முடியாது. நாற்காலியைச் சுவரோரம் போட்டால் பின்மண்டை ஹைத்தியில் இடிக்கும். கொஞ்சம் நகர்த்திப் போட்டால் கயானாவில் இடிக்கும். மர வீடு, சின்ன வீடு. கதவுக்கு மேலே, ஃப்ரிட்ஜுக்குப் பக்கத்தில், குளியலறைக்குப் போகிற வழியில் என்று மொத்தம் இருபத்தேழு படங்கள். எல்லாமே எங்கள் ஜனங்கள் வரைந்தவை. எங்கள் ஜனங்கள் என்றால் பார்படோஸ்காரர்கள் மட்டும் இல்லை. அடிமைக் கப்பல் எந்தெந்தக் கரையில் எங்களைக் கொண்டுபோய் இறக்கியதோ, அந்தக் கரையில் எல்லாம் இருக்கிற கறுப்பு ஜனங்கள்.

சேர்த்தவன் என் புருஷன் எல்ரிக் ஹோல்டர். பள்ளிக்கூடத்தில் பின் பெஞ்சிலிருந்து என் சடையை இழுத்தவன் என்பதால் நாற்பது வருஷம் குடித்தனம் நடத்தியும் எனக்கு 'அவர்' வாயில் வரவில்லை. தண்ணீர் மீட்டர் பார்க்கிற வேலை. முப்பத்தொரு வருஷம் ஊரார் வீட்டுக் கொல்லையில் எல்லாம் குனிந்து நம்பர் எழுதினான். மற்ற மீட்டர்காரர்களை நாய் பிடித்தது, இவனைப் படம் பிடித்துக்கொண்டது. ஒரு கொல்லையில் கடைப் பலகை எழுதுகிற கயானாக்காரர் தன் தங்கையை வரைந்துகொண்டிருந்தாராம். இவன் மீட்டரை மறந்துவிட்டு மத்தியானம் வரை அங்கேயே நின்றிருக்கிறான். அன்று சாயங்காலம் அந்தத் தங்கை எங்கள் வீட்டுச் சுவரில் இருந்தாள். எனக்கு வாங்கித் தருவதாகச் சொன்ன அடுப்பு கடையிலேயே இருந்தது.

அப்புறம் நிற்கவில்லை. பனாமாவில் மூட்டை தூக்கியவர் தன்னையே வரைந்தது ஒன்று. லண்டனில் நர்ஸாக இருந்தவளின் மகன் வரைந்த பஸ் டிரைவர் ஒன்று. கப்பல் சமையல்காரன் ஒருவன் பிரேசிலின் பாயியாவிலிருந்து கொண்டுவந்து கொடுத்த பலகாரக்காரி ஒன்று. எங்கள் ஊரில் இப்படிச் சேர்க்கிற டாக்டர்களும் வக்கீல்களும் இருக்கிறார்கள். அவர்களுக்குச் சுவர் இருக்கிறது.

எல்ரிக்குக்கு ஒரே ஆசை. இந்தப் படங்கள் எல்லாம் ஒரே கூரைக்குக் கீழே ஊர் பார்க்கத் தொங்க வேண்டும். தான் போன பிறகு ஆளுக்கொன்றாகத் தூக்கிக்கொண்டு போய்விடக் கூடாது. முப்பது வருஷமாக இதையே சொல்லி என் உயிரை வாங்கினான். போன ஜூனில் தலைநகரத்துக் கலைக்கூடத்திலிருந்து கடிதம் வந்தது. தனி அறை தருகிறார்கள், வாசலில் ஹோல்டர் பெயர் இருக்கும். ஒரே நிபந்தனை, பட்டியலில் உள்ள இருபத்தேழும் வேண்டும், ஒன்று குறைந்தாலும் அறை கிடையாது. வியாழக்கிழமை மிஸ் பில்கிரிம் என்ற அம்மாள் வந்து சரிபார்ப்பார். என் சுவர்கள் எனக்குத் திரும்பக் கிடைக்கப் போகிற சந்தோஷத்தில் நான் ஜன்னலுக்குத் திரைத்துணி அளவே எடுத்துவிட்டேன். அளவு எடுக்கும்போதுதான் எண்ணினேன். இருபத்தாறு.

"பாயியாக்காரி எங்க?"

எல்ரிக் தொப்பியைத் தேட ஆரம்பித்தான். அவன் தொப்பியைத் தேடினால் ஏதோ செய்திருக்கிறான்.

"செக்கர் ஹால் கிராமத்துல."

"அங்க யார் வீட்ல?"

"மார்வா கிட்டன்ஸ் வீட்ல. அவங்க அம்மா மிஸ் யூடோரா போயிட்டாங்கல்ல, பிப்ரவரில."

"பிப்ரவரில செத்தவங்களுக்கு ஜூன் வரைக்குமா சாவு நடக்குது?"

இதுதான் அவனுடைய இன்னொரு வியாதி. இங்கே சாவு என்றால் சர்ச்சில் கொடுக்க ஒரு சின்னப் புத்தகம் அச்சடிப்பார்கள். அட்டையில் போனவர் முகம் இருக்கும், கீழே உதயம் இந்தத் தேதி, அஸ்தமனம் இந்தத் தேதி என்று போட்டிருக்கும். பழைய ஆட்களுக்குப் போட்டோ ஏது? அடையாள அட்டையில் இருப்பது ஒன்றுதான், அதில் எல்லாரும் கோழி திருடியவர்கள் மாதிரி இருப்பார்கள். ஒரு தடவை பக்கத்துத் தெருக் கசாப்புக்காரர் எங்கள் கூடத்துக்குள் வந்து, பனாமா மூட்டைக்காரனைப் பார்த்து, "ஐயோ, எங்க அண்ணன்!" என்று அழுதுவிட்டார். எல்ரிக் ஆணியிலிருந்து கழற்றி, அட்டையில் அச்சடிக்க இரவல் கொடுத்துவிட்டான். அட்டையில் பனாமாக்காரன், பெட்டிக்குள் கசாப்புக்காரர் அண்ணன். யாரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை, ஜாடை அப்படி. அன்றிலிருந்து சாவு விழுந்தால் முதலில் பாதிரியாரிடம் போவார்கள், அடுத்து எங்கள் வீட்டுக்கு வருவார்கள். லண்டன் பஸ் டிரைவரை இதுவரை மூன்று முறை அடக்கம் செய்தாகிவிட்டது.

"இதெல்லாம் யாரோ எந்த ஊர்லயோ வரைஞ்சது மனுஷா, செத்தவங்களுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?" என்று நான் எத்தனையோ முறை தலையில் அடித்துக்கொண்டிருக்கிறேன். அவனிடம் எப்போதும் ஒரே பதில். "ஒரே கப்பல்ல ஏத்தினவங்களத்தானே டெஸ்ஸா ஆளுக்கொரு கரையில வெள்ளைக்காரன் இறக்கி விட்டான்? சொந்தக்காரங்களா இருந்தாலும் இருக்கலாம். உனக்குத் தெரியுமா?" எனக்குத் தெரியாது. யாருக்குத்தான் தெரியும்?

"சரி, போய் வாங்கிட்டு வா மனுஷா. வியாழக்கிழமை அந்தம்மா வர்றாங்க."

"என்னால முடியாது. குடுத்த அம்மாவைத் திருப்பிக் குடுன்னு எந்த வாயால கேக்குறது?"

கொடுப்பதற்கு அவன், பிடுங்குவதற்கு நான். எப்போதும் அப்படித்தான். செவ்வாய்க்கிழமை வேன் பிடித்துச் செக்கர் ஹால் போனேன். வழியெல்லாம் மனசுக்குள் சண்டைக்கு ஒத்திகை பார்த்துக்கொண்டேன்.

மார்வா உள்ளே கூப்பிட்டு, மாபி மரப்பட்டை ஊறவைத்த தண்ணீரைக் குளிரக் குளிரக் கொடுத்தாள். படம் கூடத்துச் சுவரில், தாழ மாட்டியிருந்தது. வெள்ளைப் பாவாடை, தலையில் வெள்ளைத் துணி, பக்கத்தில் பலகாரக் கூடை. குட்டை முக்காலியில் உட்கார்ந்திருக்கிறாள், கை இரண்டும் மடியில் சும்மா கிடக்கின்றன. சட்டத்தின் ஓரத்தில் யூடோரா கிட்டன்ஸின் சாவுப் புத்தகத்தைச் செருகி வைத்திருந்தாள் மார்வா.

"கோவிச்சுக்காத மார்வா," என்றேன். "இது உங்க அம்மா இல்ல. பிரேசில்ல பலகாரம் விக்கிற பொம்பள."

"தெரியும் மிஸ்ஸஸ் ஹோல்டர்."

"தெரியுமா?"

"எனக்கென்ன கண்ணு அவிஞ்சா போச்சு? அம்மாவுக்கு மூக்கு இதுல பாதிகூட இருக்காது. கிட்டன்ஸ் குடும்பத்துல யாரு இவ்ளோ அழகு?"

"அப்புறம் என்னத்துக்கு நாலு மாசமா மாட்டி வச்சிருக்க?"

அவள் படத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "அம்மா கரும்புத் தோட்டத்துல கூலி. அது முடிஞ்சா அடுத்தவங்க வீட்டுத் துணி. சாப்பாடு அடுப்புக்குப் பக்கத்துல, நின்னுக்கிட்டேதான். அம்பத்தெட்டு வருஷம் கூட இருந்திருக்கேன், பகல்ல உக்காந்து ஒரு நாள் நான் பார்த்ததில்ல. கடைசில படுத்தாங்க, அவ்வளவுதான். இவ உக்காந்திருக்கா பாருங்க. இவளப் பார்க்குறப்ப அம்மாவே உக்காந்த மாதிரி இருக்கு."

நான் டம்ளரைக் கீழே வைத்தேன்.

"அதுக்காக உங்க பொருள நான் வச்சுக்க முடியுமா? இருங்க, பேப்பர் சுத்தித் தர்றேன். வேன்ல அடிபட்டுடும்." பழைய நியூஸ்பேப்பரை எடுத்துத் தரையில் விரித்து, ஆணியிலிருந்து படத்தைக் கழற்றப் போனாள்.

எனக்கு எரிச்சலாக வந்தது. இவள் அழுதிருக்கலாம், தர மாட்டேன் என்று கதவைச் சாத்தியிருக்கலாம். ஒத்திகை பார்த்த சண்டையைப் போட்டுப் படத்தோடு வந்திருப்பேன்.

"அதை விடுடி," என்றேன். "நீ முதல்ல உக்காரு."

எனக்கே என் வாய்மேல் கோபம். ஆனால் சொன்னது சொன்னதுதான். ஒரு தேங்காய் ரொட்டியைக் கையில் வாங்கிக்கொண்டு வீடு திரும்பினேன்.

எல்ரிக் வாசலிலேயே நின்றிருந்தான். "தர மாட்டேன்னுட்டாளா?"

"தரத்தான் வந்தா. நான்தான் வாங்கல." நடந்ததைச் சொன்னேன். நாளைக்கே அவன் போய் வாங்கி வந்துவிடலாம், இன்னும் நேரம் இருக்கிறது என்றும் சொன்னேன். எல்ரிக் ரொட்டியை வாங்கிக்கொண்டுபோய் வெட்டினான். புதன்கிழமை முழுக்க வீட்டைவிட்டு நகரவில்லை.

வியாழக்கிழமை மிஸ் பில்கிரிம் ஒவ்வொரு படத்துக்கும் முன்னால் நின்று ரசித்துப் பார்த்தார். நல்ல மனுஷிதான், குறை சொல்ல முடியாது. "ஒண்ணு இல்லையே மிஸ்டர் ஹோல்டர். பாயியாப் படம். அதுதான் முக்கியம்னு கமிட்டியில சொன்னாங்க. தேடி எடுக்க வேணும்னா ஒரு மாசம் டைம் வாங்கித் தர்றேன்."

"தொலையல மிஸ்," என்றான் எல்ரிக். "அது வேலையில இருக்கு. எப்ப முடியும்னு தெரியாது."

அந்த அம்மாள் என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன்.

ஆகஸ்டில் பதில் வந்தது. வருத்தம் தெரிவித்திருந்தார்கள். அந்த அறையில் இப்போது கிளிஞ்சல் வைத்திருக்கிறார்களாம், யாரோ வக்கீல் சேர்த்தது. எல்ரிக் கடிதத்தை இரண்டு தரம் படித்தான், மடித்துச் சட்டைப் பையில் வைத்தான், மீனைக் கழுவ உட்கார்ந்தான்.

"திட்டேன் மனுஷா," என்றேன். "நான்தானே கெடுத்தேன்? நான்தானே வெறுங்கையோட வந்தேன்?"

"எலுமிச்சம்பழம் இருக்கா பாரு," என்றான்.

முப்பது வருஷ ஆசை. ஒரே மத்தியானத்தில் நான் கெடுத்தேன். அவன் ஒரு தடவை, ஒரே ஒரு தடவை கத்தியிருந்தால், பதிலுக்கு நாலு கத்து கத்திவிட்டு நிம்மதியாக இருந்திருப்பேன். இந்தப் பாவி மனுஷன் அதற்கும் விடவில்லை.