பன்னிரண்டு மணிக்கு முந்தைய பார்

சங்கராபுரம் சாலையில் ஒயின் ஷாப்பை ஒட்டிய அந்த பாருக்கு நான் பாட்டுக் கேட்கத்தான் போவேன். சொன்னால் என் மனைவியே நம்பமாட்டாள், நீங்கள் எங்கே நம்பப்போகிறீர்கள்! தகரக் கூரை, பிளாஸ்டிக் நாற்காலிகள், சுண்டல், ஒரு மைக். அந்த மைக்கில் சினிமாப் பாட்டு மட்டும் கூடாது. யாராவது ஆரம்பித்தால் ஓனர் வந்து ஸ்விட்சை அணைத்துவிடுவார்.

"அதான் உன் போன்லயே கீதே, வூட்டுக்குப் போய் கேளு. இங்க உங்க ஊரு பாட்டு இன்னா இருக்குதோ அதைப் பாடு," என்பார்.

பாடினார்கள். ரிஷிவந்தியம் பக்கத்து நடவுப் பாட்டு, கல்வராயன் மலையிலிருந்து கடுக்காய் மூட்டையோடு இறங்கி வருகிறவர்களின் தினையறுப்புப் பாட்டு, கூத்துப் பாட்டு. குடியே தெரியாத ஓனருக்கு எதற்கு பார் என்று ஊர் சிரித்தது. எனக்கோ அவர்மேல் கொள்ளை மதிப்பு. எந்தச் சபாவும் கூப்பிடாதவர்களை அவர் கூப்பிட்டு உட்காரவைத்தார்.

அவர்களில் ஒரு பம்பைக்காரர் இருந்தார். அவர் அடித்தால் நம் கை தானாக மேசையில் தாளம் போடும். அங்கே கைதட்டும் பழக்கம் இல்லை. பிடித்திருந்தால் வாசிக்கிறவர் முன்னால் ஒரு கிளாஸ் ஊற்றி வைப்பார்கள். அவருக்கு வைக்காத ஆளே கிடையாது. எங்கள் பாராட்டே அவர் ஈரலைத் தின்றுவிட்டது. இனி குடித்தால் பிழைக்கமாட்டார் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அவருடைய மனைவி நேராக பாருக்கே வந்து ஓனரிடம் கத்தினார்.

"இனிமே இந்த வாசப்படிய அவரு மிதிச்சா, நான் உன் கடை முன்னாலயே உக்காந்துடுவேன்!"

பம்பைக்காரரோ வீட்டில் யாரோடும் பேசாமல் சுவரைப் பார்த்துப் படுத்துவிட்டார். அவரைப் பார்த்துவிட்டு வந்த ஓனர், "குடிச்சா ஒடம்பு போவுது, அடிக்கலன்னா ஆளே போயிடுவாரு போல கீது," என்று என்னிடம் புலம்பினார்.

ஒயின் ஷாப் திறப்பது பகல் பன்னிரண்டுக்கு. அதுவரை பார் சும்மாதான் கிடக்கும். ஓனர் பினாயில் ஊற்றித் தரையைக் கழுவினார், டீ பாய்லர் ஒன்றை வாங்கி வைத்தார். பிறகு அந்த அம்மாவின் வீட்டு வாசலில் போய் நின்றார்.

"காலையில மட்டும்ங்க. டீதான். நீங்களும் வந்து கண்ணெதிர்ல வச்சுக்கினு பாருங்க. புடிக்கலன்னா இட்டுக்கினு போயிடுங்க."

அந்த அம்மா கணவரோடு வந்தார். கதவோரத்து நாற்காலியில் முந்தானையால் மூக்கைப் பொத்தியபடி உட்கார்ந்தார். பம்பை முழங்கியதும், பழக்கதோஷம், எங்கள் கை கிளாஸைத் தேடியது. ஓனர் அதற்கும் வழி வைத்திருந்தார். கூத்தில் அன்பளிப்பு வந்தால் செய்வதுபோல வாசிப்பை நிறுத்தி, மைக்கில் கூவினார்:

"மணலூர்பேட்டை கரும்புக்கார அண்ணன் நம்ம பம்பைக்கு அன்பளிப்பு, ஒரு டீ!"

நானும் ஒரு டீ அறிவிக்கச் சொன்னேன். மலைக்காரர் ஒருவர் தேன் கொடுத்தார். பம்பைக்காரர் பல நாளைக்குப் பிறகு சிரித்தார்.

ஒயின் ஷாப் ஷட்டர் ஏறும் சத்தம் கேட்டது. அந்த அம்மா எழுந்தார். பம்பைக்காரர் குச்சியைக் கீழே வைத்துவிட்டார். அந்த அம்மா கணவரிடம் போகாமல் ஓனரிடம் போய் மெதுவாக ஏதோ சொன்னார். ஓனர் மைக்கைப் பிடித்துக் கூவினார்:

"பம்பைக்காரர் வூட்டுக்காரம்மா அன்பளிப்பு... நாளைக்கும் வரலாமாம்!"